பேசாப் படமும் என்ர வாயும்

நவம்பர், ஞாயிறு இரவு

இண்டைக்கு மகள் தர்சினி என்னைப் பேசாப் படம் ஒண்டுக்குக் கூட்டிக்கொண்டு போனாள். நூறு வருசத்துக்கு முந்தி இரவுக் கிளப்புகளில ஆடின ஒருத்தியின்ர கதை. ஒருத்தருக்கும் அடங்காமல், தன்ர உழைப்பில தனிய இருக்கிறவள். திரையில வாற இங்கிலீசை வாசிக்க எனக்கு ஏலாது. மகள்தான் காதுக்குள்ள சொல்லிக்கொண்டிருந்தாள்.

மோதிரத்தோட வந்த பணக்காரனை அவள் திருப்பி அனுப்பினாள்.

"விசரி, மோதிரத்தை வாங்கிப்போட்டு அனுப்பியிருக்கலாம்" எண்டன். முன்னுக்கு இருந்த வெள்ளைக்கார மனுசி திரும்பிப் பார்த்தா. மகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிச்சாள்.

கடைசியில அவள் தன்ர அறைக்கு வந்து, சப்பாத்தைக் கழட்டிப்போட்டு, ஆருமில்லாத கதிரையைப் பார்த்து ஏதோ சொன்னாள். எழுத்து வரேல்லை.

"என்னவாம்?" எண்டு கேட்டன்.

"ஒண்டும் போடேல்லை அம்மா."

"சோறு வைக்கவோ, பாணோட முடிக்கவோ எண்டு கேக்கிறாளாக்கும்."

அதுக்கும் சிரிச்சாள்.

போன மாசம்தான் மகள் லண்டனின்ர மற்றப் பக்கம், மனோர் பார்க்கில தனிய வீடு எடுத்தவள். ஸ்டேசனில பிரியேக்க, "அம்மா, தனிய இருக்க ஏலுதோ? நான் கிங்ஸ்பரி வீட்டுக்கே உங்களோட திரும்பி வரட்டோ?" எண்டு கேட்டாள்.

"ஐயோ வேண்டாமடி, இப்பதான் டிவி ரிமோட் என்ர கைக்கு வந்திருக்கு" எண்டன். சிரிச்சுக்கொண்டே ரெயில் ஏறிப் போட்டாள்.

வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழட்டினன். குசினிக்குள்ள நிண்டு, "சோறு வைக்கவோ, பாணோட முடிக்கவோ?" எண்டு கேட்டன். சத்தமாத்தான் கேட்டனான்.

பாணோட முடிச்சாச்சு. ரிமோட் கிடந்த இடத்திலயே கிடக்கு.