பூஜை நாளில் அணைத்து வைத்த கம்ப்யூட்டர்

பாய்,

இன்று காலை கிளினிக் கம்ப்யூட்டர், டேப்லெட், போன் மூன்றையும் மேசையில் வரிசையாக வைத்து, மருந்து விவர மென்பொருளைப் புதுப்பித்தேன். மூன்றிலும் ஒரே தேதி வந்ததும் உங்கள் ஞாபகம்தான். வாட்ஸப்பில் இலவசம் என்று யாரோ அனுப்பிய லிங்கை நான் தொடவேயில்லை. தொட்டிருந்தால் அங்கிருந்தே திட்டியிருப்பீர்கள்.

அப்போது அது சிடியில் வரும். துபாயிலிருந்து உங்கள் மகன் நமக்கு ஆளுக்கொன்று காசு கொடுத்து வாங்கி அனுப்புவான். வைரஸ் இருக்கிறதா என்று பார்த்து உங்கள் மருந்துக்கடையில் ஏற்றிவிட்டு, தெருவைத் தாண்டி வந்து என் கம்ப்யூட்டரிலும் ஏற்றுவீர்கள். மருந்து விவரம் பார்க்க அவன் எனக்கென்று அனுப்பிய, உள்ளங்கையளவு குட்டிக் கைக்கருவியை மட்டும் தனியாகக் கேபிள் மாட்டிப் புதுப்பிக்க வேண்டும். "நாளைக்குப் பாத்துக்கலாம் பாய்" என்று ஒரு மாதம் ஓட்டினேன்.

அந்த வருஷ ஆயுத பூஜையன்று கம்ப்யூட்டருக்குச் சந்தனம் குங்குமம் வைத்து, மாலை போட்டு, அணைத்து வைத்திருந்தேன். திருவிடைமருதூர்ப் பக்கமிருந்து ஓர் அம்மா, நடவு வயலில் வந்த சேற்றுப்புண்ணோடு வந்தார். இதய வால்வு ஆபரேஷன் ஆனவர். ரத்தம் உறையாமலிருக்கத் தினமும் மாத்திரை சாப்பிடுகிறவர். கைக்கருவியில் பார்த்தேன், எச்சரிக்கை எதுவும் இல்லை. புதிதாக வந்திருந்த ஒரு மாத்திரையை எழுதிக் கொடுத்தேன்.

ஐந்து நிமிடத்தில் அந்த மருந்துச் சீட்டோடு நீங்கள் வந்து நின்றீர்கள். பின்னால் அந்த அம்மா.

"டாக்டரம்மா, இவங்க தினம் சாப்பிடுற மாத்திரையோட இது சேரக் கூடாதுங்க. ரத்தம் கசிஞ்சு உயிருக்கே ஆபத்துன்னு புது சிடில போட்டிருக்கு."

காத்திருந்த அத்தனை பேர் முன்னால் எனக்குச் சுருக்கென்றது. "வைத்தியம் நீங்க பாக்குறீங்களா, நான் பாக்கவா?" என்று கத்திவிட்டேன்.

"திட்டிக்குங்க. ஆனா மாத்திரைய நான் குடுக்க மாட்டேன்."

மாலையைக் கழற்றிவிட்டுக் கம்ப்யூட்டரைப் போட்டேன். நீங்கள் சொன்னது அப்படியே இருந்தது. சீட்டைக் கிழித்துப்போட்டு வேறு எழுதினேன். நீங்கள் கேபிளை எடுத்துக் கைக்கருவியில் மாட்டினீர்கள்.

"பூஜைன்னீங்க, பொரிகடலை எங்கங்க?"

அள்ளிக் கொடுத்தேன். மன்னிப்பு மட்டும் கேட்கவில்லை. அத்தனை திமிர் எனக்கு.

நீங்கள் கண்மூடிய பிறகு உங்கள் கடையில் உங்கள் மருமகள்தான் உட்கார்ந்திருக்கிறாள், அவளும் மருந்தாளுநர். போன வாரம் என் சீட்டைத் தூக்கிக்கொண்டு வந்து, "அளவு ஜாஸ்தியா இருக்கு மேடம், குடுக்க மாட்டேன்" என்று நின்றாள். சேர்ந்து உட்கார்ந்து பார்த்தோம். நான் எழுதிய அளவு சரிதான், தப்பு அவள்மேல்தான். பாவம், முகம் வாடிப்போயிற்று.

"சந்தேகம் வந்தா அடுத்த தடவையும் இப்படியே வந்து நில்லும்மா. நான் கத்தினாலும் நில்லு" என்றேன்.

உங்களிடம் சொல்லியிருக்க வேண்டியது பாய். உங்கள் வீட்டுப் பெண்ணிடமாவது சொல்லிவிட்டேன்.