மேகம் கடந்த டேக்

12.8.96, கோவை

நாளை மில் வாசல் காட்சி. இருபது வருஷம் பிறர் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தாயிற்று. நான் இயக்கும் முதல் படத்துக்கும் கேமராவை நானே பிடிப்பது துணிச்சலா, யாரையும் நம்பாத குணமா? தயாரிப்பாளர் நஞ்சப்பனுக்கு அந்தக் கவலை இல்லை. "ரெண்டு வேலைக்கும் ஒரே ஆளுன்னா சண்டை இல்லீங்க மேடம். உங்களோட நீங்களே சண்டை போட்டுக்குவீங்களா என்ன?"

போட்டுக்கொள்வேன்.

13.8.96

அவிநாசி பக்கம், மூடிக் கிடக்கும் ஒரு மில். சின்னத்தாயி நடிகை அல்ல. வேறொரு மில்லில் பதினெட்டு வருஷம் உழைத்தவர். தை மாதம்தான் வேலை போனது. காட்சியிலும் அதேதான். வேலை போய் வெளியே வருபவர், காத்திருக்கும் மகளிடம் சொல்ல வேண்டும்: "நாளைக்குச் சோறு கட்ட வேண்டாங் கண்ணு."

முதல் டேக்கின் நடுவில் மேகம் வந்து முகம் இருண்டுவிட்டது. முடியும்வரை ஓடவிட்டு, 'சரியில்லை' என்று குறிக்கச் சொன்னேன். வெயிலுக்குக் காத்திருந்து இன்னும் ஐந்து டேக். ஆறாவது ஓகே.

"ஏனுங்க அம்மணி, மொதல்ல நான் என்ன தப்புப் பண்ணிப்போட்டேன்?"

"நீங்க இல்லீங்க அக்கா, மேகம்."

"அப்ப மேகத்தையல்லொ திருப்பிச் செய்யச் சொல்லோணும்!"

எல்லோரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.

14.8.96

மழை. வேலை இல்லை.

29.8.96, சென்னை

ஃபிலிம் கழுவும் லேபில் ஓகே டேக்கை மட்டும்தான் பிரதி போடுவார்கள். இன்று பார்த்தோம். ஆறாவது டேக்கில் ஒளி சுத்தம். சுவரில் பெயர்ந்த காரைகூடத் தெரிகிறது. சின்னத்தாயி பாடம் ஒப்பிக்கிறார். இந்தக் காட்சி செத்தால் படமே இல்லை.

"மொத டேக்குல எப்படிச் சொன்னாங்க?" என்றார் எடிட்டர் மருதாசலம்.

நினைவில்லை — இல்லை, பார்க்கவே இல்லை. அந்த முகத்தின் மேல் ஊர்ந்த நிழலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பத்து வருஷமாக எனக்கு ஃபோகஸ் பார்க்கும் கிருபா தயங்கித் தயங்கிச் சொன்னாள்: "எனக்கு அழுகை வந்துருச்சுங்க மேடம். ஃபோகஸ்கூடக் கொஞ்சம் விட்டுட்டேன்."

"அன்னிக்கே சொல்றதுக்கென்ன?"

"கட் சொன்னதும் நீங்க வானத்தைத்தானே பாத்தீங்க."

இருபது வருஷமா என்னத்தத்தான் பார்த்தே நீ? என்னையே கேட்டுக்கொண்டேன்.

4.9.96

ஒதுக்கிய டேக்குக்குப் பிரதி போட்டு வந்தது. 'சோறு' என்னும்போது இருட்டுகிறது. சின்னத்தாயி ஒரு கணம் நிறுத்தி, மகளுக்காகச் சிரிக்கப் பார்க்கிறார், முடியவில்லை. ஒளி போதாது, ஃபோகஸும் மங்கல். வேறு யாராவது இப்படி எடுத்து வந்திருந்தால் திருப்பி அனுப்பியிருப்பேன்.

படத்தில் இதுதான் இருக்கும்.

11.9.96, அவிநாசி

சின்னத்தாயி வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன்.

"அட உடுங்க அம்மணி. நெசத்துல ஒருக்காத்தான் வேல போச்சு. உங்ககிட்ட ஆறு தடவ போச்சு, அவ்வளவுதானுங்க."

சொல்லிவிட்டுக் காபி கொண்டுவர உள்ளே போனார்.

8.7.98, சரவணம்பட்டி

இரண்டாவது படம், முதல் நாள். கேமரா கிருபாவிடம். நான் லென்சுக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு, நடிப்பவரின் முகத்தைப் பார்த்தபடி. ஒளி அளக்கும் மீட்டர் இப்போது தொங்காத கழுத்துக்குக் கை அடிக்கடி போகிறது.

டேக்கின் நடுவில் கிருபா கிசுகிசுத்தாள்: "மேடம், மேகம் வருது."

"ஓடட்டும்" என்றேன். நிமிர்ந்து பார்க்கவில்லை.