ஆர்வெனிட்ரால் எதற்கு?

ஞாயிறு, காலை

அன்புள்ள சில்லுவுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் நலம். உன் நலம் அறிய ஆவல் என்று ஒவ்வொரு கடிதத்திலும் ஒரு வரி எழுதுவேன். எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவேன். இன்று அந்த வரியிலேயே நின்றுகொண்டிருக்கிறேன்.

போன் எட்டாத உங்கள் துளையிடும் முகாமுக்குச் சாமான் ஏற்றிப்போகும் லாரி வியாழக்கிழமைதான் கிளம்புமாம். இன்னும் நாலு நாள் இருக்கிறது. ஆனாலும் இன்றைக்கே தொடங்கிவிட்டேன். கை சும்மா இருக்க மாட்டேன் என்கிறது. விடிந்ததிலிருந்து சமையலறை அலமாரியை இரண்டு தடவை துடைத்தாயிற்று. மூன்றாவது தடவை துணியை எடுத்தபோது, "அலமாரி தேஞ்சு போயிடும், போய் எங்கயாவது உக்காரு" என்று அப்பா துரத்திவிட்டார்.

முதலில் ஒரு தப்பை ஒப்புக்கொள்கிறேன். விடுமுறை முடிந்து நீ கிளம்பிய அன்று, குளிக்கப் போயிருந்தாய் அல்லவா? அப்போது நீ அடுக்கிய பையைப் பிரித்து நான் மறுபடி அடுக்கினேன். முப்பத்தொரு வயதுப் பெண்ணின் பையை அம்மா அடுக்கக் கூடாது என்று நீ எத்தனையோ தரம் சொல்லியிருக்கிறாய். என்ன செய்வது, முப்பத்தைந்து வருஷம் கணக்கு நோட்டு திருத்திய கை. யாராவது எதையாவது முடித்து வைத்திருந்தால் எடுத்துச் சரிபார்க்காமல் விடாது.

பையின் பக்கவாட்டில் ஒரு நீல நிறத் தகர டப்பா இருந்தது. அப்பாவின் வயிற்று மாத்திரை டப்பா. கண்ணாடியைச் சர்க்கரை டப்பாவில் வைத்துவிட்டு வீடெல்லாம் தேடுகிற மனிதர், ஞாபகமறதியில் உன் பைக்குள் போட்டுவிட்டார் என்று நினைத்தேன். எடுத்து அவர் அலமாரியில் வைத்துவிட்டேன். உன்னிடம் சொல்லவில்லை. சொன்னால் பையைத் தொட்டது தெரிந்துவிடும்.

இன்று காலை அப்பாவின் மாத்திரை தீர்ந்து, அந்த டப்பாவைத் திறந்தார். உள்ளே மூன்று அட்டை. சின்னச் சின்ன மஞ்சள் மாத்திரைகள், நடுவில் ஒரு கோடு. ஒன்றைப் பிதுக்கி உள்ளங்கையில் வைத்துக்கொண்டு தண்ணீரை எடுத்துவிட்டார். நான் பிடுங்கினேன். "எல்லா மாத்திரையும் வயித்துக்குத்தானே போகுது" என்கிறார்!

அட்டையின் பின்பக்கம் ஆர்வெனிட்ரால் என்று போட்டிருக்கிறது. இந்தப் பெயரை இதற்கு முன் நான் கேட்டதில்லை. அட்டைகளுக்கு அடியில் ஒரு துண்டுச் சீட்டு. மேலே ஒரு கிளினிக்கின் முத்திரை. காலையில் அரை, மாலையில் ஒன்று, விடாமல் சாப்பிடவும் என்று எழுதி, 'விடாமல்' என்பதன் கீழ் இரண்டு கோடு.

நீ போய் இன்றோடு பன்னிரண்டு நாள்.

திங்கள், மதியம்

காலையில் தெருமுனை மருந்துக்கடைக்குப் போனேன். கடைக்காரர் அட்டையை முன்னும் பின்னும் திருப்பினார், தூக்கிப் பார்த்தார், சாய்த்துப் பார்த்தார். படிக்காமல் பரீட்சைக்கு வந்த பிள்ளை கேள்வித்தாளைப் பார்ப்பது போலத்தான். பெயரின் முடிவைப் பார்த்தால் ரத்தக் கொதிப்பு மருந்து மாதிரி இருக்கிறது என்றார். உள்ளேயிருந்து அவர் மனைவி, "போன வாரம் இதே மாதிரி ஒண்ண பூச்சி மருந்துன்னு சொன்னீங்களே" என்று குரல் கொடுத்தார். மனிதர் சிரித்து மழுப்பி, இந்தப் பக்கம் யாரும் இதைக் கேட்டதில்லை, வரவழைப்பதும் இல்லை என்று திருப்பிக் கொடுத்தார்.

வெயிலில் நடந்து வரும்போது யோசித்தேன். உங்கள் முகாமிலும் இது கிடைக்காது. அங்கே இருப்பது ஒரு முதலுதவிப் பெட்டி மட்டும்தானே.

வீட்டு வாசலுக்கு வந்தும் உள்ளே நுழையப் பிடிக்கவில்லை. அடுத்த தெரு வரை நடந்துவிட்டுத் திரும்பினேன்.

செவ்வாய், மாலை

என்னிடம் கணக்குப் படித்தவன், 'கடைசி பெஞ்சு' என்று நாம் கூப்பிடும் அந்தப் பையனை உனக்குத் தெரியும். பெரிய ஆஸ்பத்திரியின் மருந்துக் கிடங்குக்கு இப்போது அவன்தான் பொறுப்பு. பின்னத்தைக் கண்டால் ஜன்னல் வழியே எகிறிக் குதித்தவன், இன்று மில்லிகிராமில் பேசுகிறான்! என்னை நாற்காலியில் உட்காரவைத்து, அவன் நின்றுகொண்டே சொன்னான். மாத்திரை யாருடையது என்று நான் சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை.

பெயருக்கு என்ன அர்த்தம் என்று முதலில் கேட்டேன். "அர்த்தமெல்லாம் தேடாதீங்க டீச்சர். வேற மருந்தோட குழம்பக் கூடாது, சொல்ல சுலபமா இருக்கணும். அதுக்காகக் கம்பெனிக்காரங்க உக்காந்து யோசிச்சு வெக்கிறது. பேரை வெச்சு வியாதியைக் கண்டுபிடிக்கிறது, கதவு நம்பரை வெச்சு வீட்டுல எத்தனை பேருன்னு சொல்ற மாதிரி" என்றான். உதாரணம் சொல்லும் பழக்கம் என்னிடமிருந்து தொற்றியதுதான்.

அப்படியானால் எதற்குத்தான் கொடுக்கிறார்கள் என்றேன். தடித்த புத்தகம் ஒன்றை எடுத்துப் பார்த்துச் சொன்னான். வலிப்புக்குக் கொடுப்பார்கள். விடாத ஒற்றைத் தலைவலிக்கும் கொடுப்பார்கள். மனம் ஒரு நாள் மலையுச்சியும் ஒரு நாள் பாதாளமுமாக இருப்பவர்களுக்கும் கொடுப்பார்கள். கத்தி ஒன்றுதான், பழமும் வெட்டலாம் கயிறும் அறுக்கலாம் என்பது போல. இந்த அளவில் மூன்றுக்குமே கொடுப்பதுண்டாம். எதற்கென்று எழுதிக் கொடுத்தவருக்குத்தான் தெரியும்.

அதிலிருந்து உன் விடுமுறைப் பத்து நாளையும் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். சாப்பிடும்போது கரண்டி உன் கையிலிருந்து நழுவியது; சரி, வலிப்பு. பகலில் திரையை இழுத்துவிட்டுப் படுத்தாய், சரி, தலைவலி. முதல் இரண்டு நாள் வீடே அதிரச் சிரித்தாய், மூன்றாம் நாள் பத்து மணி வரை எழுந்திருக்கவில்லை, சரி, மனம். விடையை முதலில் பார்த்துவிட்டு அதற்கேற்ற மாதிரி வழி எழுதும் பிள்ளைகள் உண்டு. அவர்களுக்கு நான் மார்க் போட்டதே கிடையாது. இன்று நானே மூன்று விடைக்கும் மூன்று வழி எழுதிவிட்டேன், மூன்றும் சரியாக வருகிறது.

கிளம்பும்போதுதான் கடைசி பெஞ்சு இன்னொன்று சொன்னான். எந்த நோய்க்குச் சாப்பிட்டாலும் இதைத் திடீரென்று நிறுத்தக் கூடாதாம். நிறுத்தினால், வலிப்பே இல்லாதவர்களுக்குக்கூட வலிப்பு வரலாமாம். பதினாலு நாள் ஆகிவிட்டால், என்று கேட்டேன். அவன் முகம் மாறியது. "டீச்சர், அந்த ஆளு வண்டி ஓட்டக் கூடாது, உயரத்துல ஏறக் கூடாது. மொதல்ல அவங்களுக்குச் சொல்லுங்க" என்றான்.

நீ தினமும் ஏறி இறங்கும் துளையிடும் மேடை நான்கு மாடி உயரம் என்று நீயே எழுதியிருக்கிறாய்.

அங்கிருந்து நேராக இங்கே ஊரில் இருக்கும் உங்கள் கம்பெனி அலுவலகத்துக்கு ஓடினேன். அப்பாவும் வந்து சேர்ந்தார். வயர்லெஸ் ஒன்றுதான் வழி. அதில் பேசினால் முகாம் முழுக்கக் கேட்கும், சமையல்காரர் வரைக்கும். மருந்தின் பெயரைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நீ ஒரு தகர டப்பாவுக்குள் ஒளித்து வைத்ததை நான் ஊர் நடுவே கொட்டலாமா? சொல்லாமலும் இருக்க முடியாது. மூன்று தாள் கிழித்தேன். கடைசியில் அப்பாதான் எழுதினார்: "நீல டப்பா அம்மாவிடம் இருக்கிறது. லாரியில் வரும். அதுவரை மேடை ஏற வேண்டாம்." வயர்லெஸ்காரர் படித்துவிட்டு, "என்ன சார், டப்பா இல்லாம வேலை ஓடாதா?" என்று கேட்டார். அப்பா முறைத்த முறைப்பில் மறுபேச்சில்லாமல் அனுப்பிவிட்டார்.

பதில் நாளைக்குத்தான் வருமாம்.

புதன், மதியம்

பதில் வந்தது. "வந்த நாளிலிருந்து தரையில்தான் இருக்கிறேன். டப்பாவை மறக்காமல் அனுப்பவும்."

படித்ததும் அலுவலகப் படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன். நீ மேடை ஏறவில்லை. சொல்வதற்கு முன்பே, உனக்கே தெரிந்து, ஏறாமல் இருந்திருக்கிறாய். அது பெரிய நிம்மதி. அதே நேரத்தில், டப்பா போன நாளிலிருந்து ஒரு வார்த்தை கேட்காமல் அங்கே பயந்துகொண்டே இருந்திருக்கிறாய் என்பதும் புரிந்தது. கேட்டால் அம்மாவுக்குத் தெரிந்துவிடும் என்றா? நான் பையைத் தொட்டதைச் சொல்லாமல் மறைத்தேன், நீ டப்பா காணாமல் போனதைச் சொல்லாமல் மறைத்தாய். நல்ல அம்மா, நல்ல மகள்!

பிறகு சீட்டில் இருந்த முத்திரையை வைத்து அந்தக் கிளினிக்கைத் தேடிப் போனேன். டாக்டர் என்னைவிட இருபது வயது சின்னவர். எத்தனை நாள் இடைவெளி என்று கேட்டுக் குறித்துக்கொண்டார். எதற்காக இந்த மருந்து என்று கேட்டேன். அதைச் சொல்ல முடியாது என்றார். நான் கொஞ்சம் குரலை உயர்த்திவிட்டேன். பெற்றவளுக்கே சொல்ல மாட்டீர்களா என்றேன். அவர் கோபப்படவில்லை. "பெத்தவங்கதாம்மா, இல்லேங்கல. உங்க பொண்ணு என்னை நம்பிச் சொன்னாங்க. அவங்களுக்குத் தோணும்போது உங்ககிட்டயும் சொல்லுவாங்க. நீங்க இப்போ மாத்திரையைக் கொண்டுபோய்ச் சேத்துடுங்க" என்றார்.

எழுந்து வந்துவிட்டேன். எரிச்சலாகத்தான் இருந்தது. ஆனால் வாசல் வரை வருவதற்குள் ஒன்று தோன்றியது. இப்படி வாய் திறக்காத ஒருவரிடம்தான் என் பெண் போயிருக்கிறாள்.

உனக்கென்று ஒரு கவர் கொடுத்திருக்கிறார், ஒட்டியது. இடைவெளி விழுந்துவிட்டதால் பழைய அளவிலேயே தொடங்கக் கூடாதாம். எப்படித் தொடங்குவது என்று உள்ளே எழுதியிருக்கிறாராம். அதைப் படித்த பிறகுதான் முதல் மாத்திரையைப் போட வேண்டும். மறந்துவிடாதே.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். கவரை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். தாள் நான்காக மடித்திருப்பது மட்டும் தெரிந்தது. அப்பா கெண்டியில் தண்ணீரைக் கொதிக்கவைத்தார். காபிக்கா, ஆவியில் கவரின் பசையை இளக்கவா என்று நான் கேட்கவில்லை. காபிதான் போட்டோம்.

வியாழன், காலை

லாரி டிரைவர் வாசலில் நிற்கிறார். அப்பா அவரிடம் டப்பாவை இஞ்சினுக்குப் பக்கத்தில் வைக்காதே, வெயிலில் வைக்காதே, உன் மடியிலேயே வைத்துக்கொள் என்று பாடம் எடுத்துக்கொண்டிருக்கிறார். "சார், ஸ்டியரிங்கை யார் மடியில வெக்கிறது?" என்று அந்த ஆள் கேட்பது இங்கே வரை கேட்கிறது.

டப்பா, மூன்று அட்டை, சீட்டு, டாக்டரின் கவர் எல்லாவற்றையும் ஒரே துணியில் சுற்றித் தைத்திருக்கிறேன். தையலைப் பிரித்துப் பார், ஒரே நூல்தான். நடுவில் யாரும் பிரித்துத் தைக்கவில்லை. அப்பா உட்பட.

மூன்று விடையில் எது சரி என்று இந்த இரண்டு நாளும் மண்டையை உடைத்துக்கொண்டேன். இப்போதும் தெரியவில்லை. தெரியவில்லையே என்ற தவிப்பும் போகவில்லை. ஆனாலும் கேட்கப் போவதில்லை. எதுவாக இருந்தாலும் நீ என் மகள்தான். அதற்கு எந்தப் புத்தகத்தையும் புரட்ட வேண்டியதில்லை.

லாரி திரும்பி வரும்போது ஒரு கடிதம் கொடுத்தனுப்பு. எதற்கு என்று எழுத வேண்டாம். சாப்பிட்டேன் என்று மட்டும் எழுது, சில்லு.

என்றும் உன்னை நினைத்திருக்கும்,
அம்மா