கோப்பிக்குக் கட்டிய முடிச்சுகள்

அண்ணி,

பக்கத்து வீட்டில் நெத்திலி பொரிக்கிறார்கள். வாசம் சமையலறை ஜன்னல் வழியாக வந்ததுமே கோப்பி எழுந்துவிட்டது. நாய்க்கு இப்போது பத்து வயது. எழும்போது பின்னங்கால் இழுக்கிறது. ஆனாலும் எழுந்து, முதலில் என் அறைக் கதவுக்குப் பின்னால், அடுத்து சாமி மேடைக்குக் கீழே, அடுத்து தையல் இயந்திரத்துக்கு அடியில், கடைசியாகச் செருப்பு அலமாரியில் என்று நீங்கள் பழக்கிய இடங்களில் எல்லாம் மூக்கை வைத்துப் பார்த்துவிட்டு என் முன்னால் வந்து உட்கார்ந்தது. நான் எதையோ ஒளித்துவைத்துக்கொண்டு சொல்லாமல் இருக்கிறேன் என்பது போல ஒரு பார்வை. இந்த வீட்டில் இருந்தால் நாய்க்கும் சந்தேகம் ஒட்டிக்கொள்ளும் போலிருக்கிறது.

என் குணம் உங்களுக்குத் தெரியும். கல்யாணமாகி எங்கள் குடும்பத்துக்கு வந்த முதல் தீபாவளிக்கு எனக்கு ஒரு சேலை வாங்கி வந்தீர்கள். நன்றாக இருக்கிறது என்று சொல்வதற்கு முன்னால் "எதுக்கு?" என்று கேட்டேன். அண்ணன் அதை வைத்து வருஷக்கணக்கில் கேலி செய்தார். "பாப்பாகிட்ட மணி என்னன்னு கேக்காத. இவன் ஏன் கேக்குறான்னு நாலு நாளைக்கு யோசிக்கும்" என்பார். நாற்பது தாண்டி, பள்ளியில் அறிவியல் ஆசிரியையாக இருந்தும் உங்கள் இருவருக்கும் நான் பாப்பாதான்.

அண்ணன் பத்தாங் காலியில் ஆட்டுக் கொட்டகைக்குப் பக்கத்தில், ஆடுகளுக்குச் செம்பனை மட்டை நறுக்கிக்கொண்டிருந்தபோதே சரிந்துவிட்டார். நீங்கள் போய்ப் பார்த்தபோது முப்பது ஆடுகளும் அவரைச் சுற்றி நின்றிருந்தன, ஒன்றையும் நகர விடாமல் கோப்பி வெளிவட்டத்தில் ஓடிக்கொண்டிருந்தது என்று சொன்னீர்கள். கோலாலம்பூரில் ஒரு தவுக்கே, சீன முதலாளி, ஆசைக்கு வாங்கி, அடுக்குமாடி வீட்டில் சமாளிக்க முடியாமல் அண்ணனிடம் கொடுத்த நாய் அது. மந்தை மேய்ப்பதற்கென்றே வளர்க்கும் இனம். அண்ணன் ஒரு விசில் கொடுத்தால் போதும், ஆடுகளை ஒன்றுவிடாமல் கொட்டகைக்குள் கொண்டுவந்து சேர்த்துவிட்டுத் திரும்பிப் பார்க்கும், அடுத்தது என்ன என்று.

ஆடுகளை விற்றாயிற்று. பதினாறாம் நாள் முடிந்ததும், புக்கிட் ரோத்தானுக்கு, என்னோடு இருக்க வந்துவிடுங்கள் என்று நான்தான் கூப்பிட்டேன். நீங்கள் உடனே சரி என்றீர்கள். ஏன் உடனே சரி என்றீர்கள் என்று காரோட்டிக்கொண்டு வரும் வழியெல்லாம் யோசித்தேன். வீடு அப்பா வாங்கியது. அண்ணன் பேரிலும் என் பேரிலும் இருந்தது. அண்ணன் பாதி இனி உங்களுடையது. அது உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா? நீங்கள் கொண்டுவந்தது இரண்டு பைகள், ஒரு பிஸ்கட் டின், ஒரு நாய். டின்னை மட்டும் பின்சீட்டில் வைக்காமல் மடியிலேயே வைத்திருந்தீர்கள். அதையும் கவனித்தேன்.

தாமான் குடியிருப்பு வீட்டில் கோப்பிக்கு வேலை இல்லை. முதல் வாரமே எதிர்வீட்டுப் பிள்ளைகள் மூன்று பேரையும் வேலியோரம் ஓட்டிக்கொண்டுபோய், அசைய விடாமல் அரை மணி நேரம் நிறுத்திவைத்தது. தெருவில் போகும் மோட்டார் சைக்கிள்களை வளைக்கப் பார்த்தது. குளிர்பெட்டியைத் திறக்கக் கற்றுக்கொண்டது. ஒன்றும் கிடைக்காத நாளில் என் கைக்கடிகாரக் கண்ணாடியிலிருந்து சுவரில் விழும் வெளிச்சத்தை, நுரை தள்ளும்வரை துரத்தியது. கிள்ளானில் கால்நடை டாக்டரம்மா அதை மேலும் கீழும் பார்த்துவிட்டு மலாயில் சொன்னார்: "உடம்புக்கு ஒன்றுமில்லை. இதற்கு வேலை போய்விட்டது. நடக்கக் கூட்டிப்போனால் கால்தான் களைக்கும். தலை களைக்க வேண்டும்." உப்பு சேர்ந்த எதையும் கொடுக்காதீர்கள் என்றும் சொன்னார்.

நான் இணையத்தில் தேடி, உருட்டினால் தீனி விழும் பந்து, மூடியை நகர்த்தினால் பிஸ்கட் தெரியும் பலகை என்று வாங்கினேன். பலகையை இரண்டு நிமிஷத்தில் முடித்துவிட்டு, பந்தைக் கவ்விக்கொண்டுபோய் மாடிப்படியிலிருந்து போட்டு, மொத்தத் தீனியையும் ஒரே தடவையில் கொட்டவைத்தது.

"என்ன பாப்பா, பாலர் பள்ளிப் பாடத்தக் குடுக்குற?" என்றீர்கள். "அது ஆறாம் வகுப்பு முடிச்ச நாய்லா."

"அப்ப நீங்களே சொல்லிக் குடுங்க."

அதைச் சொன்னது நான்தான். அப்புறம் மறந்துவிட்டேன். ஒரு தாளில் விதிகள் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டியதும் அதே வாரம்தான்: படுக்கையறைக்குள் நாய் வரக் கூடாது, சாமி மேடைப் பக்கம் வரக் கூடாது, கருவாடு, நெத்திலி கொடுக்கக் கூடாது. பள்ளியில் ஆய்வுக்கூடத்துக்கு எழுதுவது போலவே எண் போட்டு எழுதினேன்.

இரண்டு மாதம் கழித்துக் கோப்பி திடீரென்று அடங்கியது. மூன்று மணிக்கு நான் வரும்போது, வேலை முடித்து வந்த ஆள் போலக் கால் நீட்டித் தூங்கிக்கொண்டிருக்கும். சுவரைப் பார்ப்பதே இல்லை. வேறு யாராயிருந்தாலும் நிம்மதியாக இருந்திருப்பார்கள். நான் டார்ச் அடித்து அதன் கண்ணைப் பார்த்தேன், தூக்கமாத்திரை ஏதாவது கொடுக்கிறீர்களோ என்று.

"ஏன் இப்படிக் கெடக்கு?"

"அதுக்கு இப்ப வேலை இருக்கு, பாப்பா."

"என்ன வேலை?"

நீங்கள் சிரித்துக்கொண்டே குழம்பை இறக்கப் போனீர்கள். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

தேர்வு நாள் ஒன்றில் பன்னிரண்டு மணிக்கே வந்துவிட்டேன். நீங்கள் குளித்துக்கொண்டிருந்தீர்கள்; கோப்பி பின்வாசலில் கட்டியிருந்தது. என் அறைக் கதவைச் சாத்தியபோது பின்னால் தரையில் எலுமிச்சம்பழம் அளவுக்கு ஒரு துணி முடிச்சு. நீலக் கட்டம். அண்ணனின் கைலி. சாமி மேடைக்குக் கீழே இன்னொன்று இருந்தது. செருப்பு அலமாரியில், என் பள்ளிக் காலணிக்குள் இன்னொன்று. கையால் தொடாமல் கிடுக்கியால் எடுத்து, செய்தித்தாளில் சுருட்டி, காரின் பின்பெட்டியில் போட்டேன். நீங்கள் ஒன்றும் கேட்கவில்லை. தேடியிருப்பீர்கள், கோப்பி எடுத்துவிட்டது என்று நினைத்திருப்பீர்கள். அப்போது எனக்கு அப்படித் தோன்றவில்லை. அன்றிலிருந்து சொல்லாமல் கொள்ளாமல் சீக்கிரம் வர ஆரம்பித்தேன். மொத்தம் ஏழு சேர்ந்தன.

ஆசிரியர் அறையில் புனிதாவிடம் மட்டும் சொன்னேன். அவளுக்கு என்னைவிட வயது குறைவு, பயம் அதிகம்.

"டீச்சர், இது சும்மா இல்ல. செத்தவங்க துணில முடிச்சு. அதுவும் சாமிக்குக் கீழ. செய்வினைதான்."

"நான் சயின்ஸ் சொல்லிக் குடுக்குறவ, புனிதா."

"ஏன், சயின்ஸ் டீச்சருக்கு வைக்க மாட்டாங்களா?" பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "பாதி வீடு அவங்களுக்கு வருதுல்ல?"

அதை நான்தான் முன்பு அவளிடம் சொல்லியிருந்தேன். என் சந்தேகம் இன்னொருவர் வாயிலிருந்து வந்ததும் அது எனக்கு ஆதாரமாகிவிட்டது.

அன்றிலிருந்து உங்கள் கையால் சாப்பிடுவதை நிறுத்தினேன். காஸ்ட்ரிக், காரம் ஒத்துக்கொள்ளவில்லை, டாக்டர் கஞ்சிதான் குடிக்கச் சொன்னார் என்று ஒரு பொய். வரும் வழியில் சோற்றுப் பொட்டலம் வாங்கி, ஆற்றோரம் காரை நிறுத்தி, கண்ணாடியை ஏற்றிவிட்டுச் சாப்பிட்டேன். காரமான சம்பல் மிளகாயோடு சாப்பிட்டேன், அண்ணி. வீட்டுக்கு வந்தால் மேசையில் எனக்கென்று எடுத்துவைத்த தட்டு மூடியிருக்கும். நான் திறக்க மாட்டேன். முதலில் கத்திரிக்காய்க் குழம்பு வைத்தீர்கள். பிறகு மிளகு குறைத்து ரசம் வைத்தீர்கள். பிறகு வெறும் பருப்பு. ஏன் சாப்பிடவில்லை என்று நீங்கள் கேட்கவே இல்லை. கேட்காததையும் உங்கள் கணக்கில் குற்றமாகவே சேர்த்துக்கொண்டேன்.

ஒரு சனிக்கிழமை காலை, ஏழு முடிச்சுகளையும் செய்தித்தாளோடு கொண்டுவந்து மேசைமேல் விரித்தேன்.

"இது என்ன அண்ணி?"

நீங்கள் முடிச்சுகளைப் பார்த்தீர்கள். என்னைப் பார்த்தீர்கள். பக்கத்தில் மூடியிருந்த தட்டைப் பார்த்தீர்கள்.

"அதான் நீ சாப்புடலையா?"

"அண்ணன் கைலில முடிச்சு போட்டு என் ரூம்ல வைக்கிறீங்க. நான் என்ன நெனைக்கிறது?"

"என்ன நெனச்ச, சொல்லு."

அந்த வார்த்தை எனக்கு வாயில் வரவில்லை. அதைவிட மோசமாக ஒன்று வந்தது. "பாதி வீடு வேணும்னா கேட்டிருக்கலாம்."

நீங்கள் அடுப்பை அணைத்துவிட்டு உள்ளே போனீர்கள். மதியத்துக்குள் கோலா குபு பாருவிலிருந்து உங்கள் தங்கை வீட்டுக்காரர் காரோடு வந்துவிட்டார். அங்கே நாய் வைக்க இடமில்லை. "கோப்பிய பாத்துக்க" என்று மட்டும் சொன்னீர்கள். பிஸ்கட் டின்னை என் பக்கம் தள்ளி வைத்துவிட்டுப் போனீர்கள்.

கார் திரும்பிய பிறகும் கோப்பி கேட்டடியில் வெகுநேரம் நின்றது. பிறகு உள்ளே வந்து, முன்னங்கால்களை மேசைமேல் ஊன்றி, ஒரு முடிச்சை எடுத்துக்கொண்டு கீழே படுத்தது. நான் தடுக்கவில்லை, பயத்தில் கிட்டப் போகவில்லை. அது முடிச்சைப் பாதங்களுக்கு நடுவே வைத்து, துணியின் எந்த முனை மேலே வருகிறது என்று திருப்பித் திருப்பிப் பார்த்து, முன்பற்களால் மெல்ல மெல்ல இழுத்தது. நான்கைந்து நிமிஷம் ஆகியிருக்கும். முடிச்சு அவிழ்ந்தது. உள்ளே ஒரே ஒரு நெத்திலி. அதைத் தின்றுவிட்டு அடுத்த முடிச்சுக்குப் போகவில்லை. துணியை மோந்துகொண்டு, தாடையை அதன்மேல் வைத்துக்கொண்டு கிடந்தது.

டின்னைத் திறந்தேன். அண்ணனின் கைலிகள் இரண்டு, துவைக்காதவை. ஒன்று பாதிவரை கிழிக்கப்பட்டிருந்தது.

பார்க்காமல் எழுதாதே என்று மூன்றாம் படிவப் பிள்ளைகளிடம் வாரத்துக்கு நான்கு முறை சொல்கிறவள் நான். ஏழு முடிச்சு கைக்கு வந்தும் ஒன்றைக்கூட அவிழ்த்துப் பார்க்கவில்லை.

உங்களைப் பார்க்க வர எனக்கு நான்கு நாள் பிடித்தது. தங்கை வீட்டு முன்வாசலில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தீர்கள். நான் மன்னிப்புக் கேட்பதற்குப் பதிலாகக் கேள்விதான் கேட்டேன். என் புத்தி அப்படி.

"ஏன் அண்ணன் கைலி?"

"வேற துணில கட்டிப் பாத்தேன். திரும்பிக்கூட பாக்கல."

"எங்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"நாய ரூம்ல விடாதன்னு எழுதி ஒட்டினவ நீ. நெத்திலி குடுக்காதன்னும் எழுதின. ரெண்டையும் தெனமும் செஞ்சேன். உப்பு போகட்டும்னு ஊறவச்சுத்தான் குடுத்தேன், இருந்தாலும் தப்புத்தான? அன்னிக்கு நீ கொண்டாந்து வச்சதும், மாட்டிக்கிட்டோம்னு நெனச்சேன். நீ வேற எதையோ..." கீரைக் கட்டைப் பிரித்தீர்கள். "சரி, விடு."

"வீட்டுக்கு வாங்க."

"தங்கச்சிக்கு முட்டி வலி. இங்க கூட ஆள் வேணும்." உங்கள் தங்கை எங்களைத் தாண்டி மாடிப்படியில் விறுவிறுவென்று ஏறிப் போனார். நீங்களும் பார்த்தீர்கள், நானும் பார்த்தேன்.

பிறகு கோப்பிக்கு எப்படிச் செய்ய வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தீர்கள். ஒரே இடத்தில் இரண்டு நாள் வைக்காதே. முடிச்சை வாரத்துக்கு வாரம் இறுக்கு. "தேடிக் கெடைக்கலன்னா நீயே எடுத்துக் குடுத்துறாத, பாப்பா. அதுக்கு மானம் போயிரும். கிட்ட போய் சும்மா நில்லு. அதுவே கண்டுபிடிச்சதா இருக்கட்டும்." நான் அப்படியே செய்துவருகிறேன். கைலி வாசம் போன பிறகு என் பழைய துப்பட்டாவில் கட்டிப் பார்த்தேன். முதல் வாரம் முகத்தைத் திருப்பிக்கொண்டது. இரண்டாம் வாரம் எடுத்தது.

தங்கை வீட்டில் அன்று எனக்குச் சோறு போட்டீர்கள். கத்திரிக்காய்க் குழம்பு. நீங்கள் சாப்பிடாமல் எதிரே உட்கார்ந்து, கடைசிப் பருக்கைவரை பார்த்துக்கொண்டிருந்தீர்கள். பாசத்தில் பார்த்தீர்களா, சோதித்தீர்களா? உங்கள் இடத்தில் நான் சோதித்திருப்பேன். தட்டை எடுக்கும்போது கேட்டீர்கள்:

"வயிறு இப்ப தேவலையா?"

"தேவல, அண்ணி."

அதன் பிறகு நான்கு வருஷம், தொலைபேசியில் உங்கள் முதல் கேள்வி அதுதான். வயிறு எப்படி இருக்கு பாப்பா? குத்திக் காட்டுகிறீர்கள் என்று சில நாள் நினைப்பேன். உண்மையாகவே நம்பிவிட்டீர்கள் என்று சில நாள் நினைப்பேன். கேட்க முடியவில்லை; கேட்டால் ஆற்றோரத்தில் கண்ணாடியை ஏற்றிவிட்டுச் சாப்பிட்டதையும் சொல்ல வேண்டிவரும்.

சர்க்கரை வியாதி உங்களைக் கொண்டுபோன பிறகு, பதினாறாம் நாள் சாப்பாட்டுக்கு அந்த வீட்டில் எல்லோரோடும் உட்கார்ந்தேன். உங்கள் தங்கை எனக்கு மட்டும் தனியாக ஒரு கிண்ணம் கொண்டுவந்தார்.

"இது ஒங்களுக்கு. மொளகா போடல."

"எனக்கு எதுக்கு?"

"ஒங்களுக்கு காஸ்ட்ரிக்காமே? அக்கா அதனாலதான இங்க வந்துருச்சு. 'எஞ் சமையல் அதுக்கு ஒத்துக்கல. நான் அங்க இருந்தா பாப்பா பட்டினியா கெடக்குது'ன்னு சொல்லும்."

அந்த வீட்டில் யாருக்கும் எதுவும் தெரியாது என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. ஏழு முடிச்சு, பாதி வீடு, எதுவும். நீங்கள் நம்பித்தான் அப்படிச் சொன்னீர்களா, என் பொய்யை எடுத்து என்னையே மூடிவைத்தீர்களா என்று ஒரு வருஷமாக யோசிக்கிறேன். ஒருநாள் இப்படித் தோன்றுகிறது, ஒருநாள் அப்படி. நம்பியிருக்க மாட்டீர்கள் என்றுதான் என் சந்தேகம்.

அடுத்த மாதம் உங்கள் திதி. "வந்துருங்க, ஒங்களுக்குத் தனியா செஞ்சு வைக்கிறேன்" என்று நேற்று உங்கள் தங்கை கூப்பிட்டுச் சொன்னார். என் வயிற்றுக்கு ஒன்றுமில்லை, அண்ணி. நான் சரி என்றேன். போய் உட்கார்ந்து, மிளகாய் போடாத அந்தக் குழம்பை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டுவிட்டு வருவேன்.