விதைக்கு விட்ட பூ

காலையில் தேநீரோடு பேப்பரை விரித்தால் உன் பூ. சுண்டுவிரல் நகமளவு, வெளிர் ஊதா, நடுவில் மஞ்சள் புள்ளி. வடக்குக் கரையில் அரிய பூ கண்டுபிடிப்பு என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தார்கள். கண்டுபிடித்தார்களாம்! உன் ஊர்ச் சனம் காலங்காலமாக மிதித்து நடந்த பூவை. பேப்பரைச் சுருட்டி எறிந்தேன், தேநீரும் கொட்டிப்போனது.

உன் ஊர்க் கடற்கரையைத் தவிர வேறெங்கும் அது முளைக்காது என்பாய். மாரி மழைக்கு முளைத்து, தையில் பூத்து, விதை கொட்டிவிட்டுப் பங்குனி வெயிலில் செத்துப்போகும். விழுந்த விதைதான் அடுத்த வருடத்துச் செடி. அந்தக் கரையை ஆமி கம்பி அடித்து மூடியபோது, இடம்பெயர்ந்து, தோழியென்ற உரிமையில், தலைநகரில் வெள்ளவத்தைக்கு என் வாடகை அறைக்கு வந்து சேர்ந்தாய். மற்றவர்கள் நகை கொண்டுவந்தார்கள். நீ மருந்துப் போத்தலில் கொஞ்சம் விதை கொண்டுவந்தாய்.

கடல்மணல் வேண்டுமென்று தண்டவாளம் தாண்டிப் போய் அள்ளி வந்தோம். காவலரணில் பையைக் கொட்டச் சொன்னார்கள். "வெலி, மல்லி, வெலி," மணல்தான் தம்பி என்று நீ சிங்களத்தில் கெஞ்சினாய். அவன் சப்பாத்தால் கிளறிப் பார்த்தான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நீ குந்தியிருந்து திரும்ப அள்ளினாய்.

பழைய விதை இன்னொரு மாரி தாங்காதென்று எல்லாவற்றையும் ஒரே சட்டியில் போட்டாய். தையில் மாடியில் பூத்தது. "ஒண்டையும் தொடாதேங்கோ அன்ரி, விதைக்கு விட்டிருக்கிறன்" என்று வீட்டுக்கார அன்ரியிடம் படித்துப் படித்துச் சொன்னாய். வெள்ளிக்கிழமை வேலையால் வந்து பார்த்தால் செடி மொட்டையாக நின்றது. அத்தனை பூவும் பிள்ளையார் படத்தடியில் வாடிக் கிடந்தன.

"சாமிக்குத்தானே பிள்ளை வைச்சனான். செடியில கிடந்து வாடுறதுக்கு இது புண்ணியமெல்லோ?"

நீ மொட்டைச் செடிக்குத் தண்ணீர் ஊற்றப் போனாய். சண்டை பிடித்திருக்க வேண்டும்! பிள்ளையார் கேட்டாரா அந்தப் பூவை?

சமாதானம் என்று பாதை திறந்த கையோடு நீ பை கட்டினாய்.

"கண்ணிவெடி கிடக்கடி!" என்று கத்தினேன்.

"எங்கட கரையில எனக்குத் தெரியாத இடமே? இப்ப விதை கொட்டுற நேரம். ஒரு கைப்பிடி எடுத்துக்கொண்டு ஓடி வாறன்."

கம்பிக்கு வெளியேதான் நடந்தாயாம். அங்கேயும் புதைத்திருந்தார்கள். புதைத்தவன் எந்தப் பக்கத்தவன் என்று எனக்குத் தெரியாது. எவனானாலும் நாசமாய்ப் போகட்டும். உன்மேலும் கோபம்தான். ஒரு கைப்பிடி விதைக்கு உயிரைக் கொடுப்பார்களா, மடைச்சி?

எட்டாம் நாள் சடங்கு, எட்டுச் செலவன்று அன்ரி உன் படத்துக்குப் போட மல்லிகை மாலையோடு வந்தா. அழுதுகொண்டுதான் வந்தா. வாசலிலேயே மறித்தேன்.

"கொண்டுபோங்கோ அன்ரி. அவளுக்குப் பூ வேண்டாம்."

"அப்ப வெறும் படத்தையோ பிள்ளை கும்பிடுறது?"

"ஓம்" என்றேன்.

அந்த வீட்டை விட்டு வந்து இப்போது பாமன்கடையில் இருக்கிறேன். இங்கேயும் வெறும் படம்தான்.