மச்சாளின் அவுஸ்திரேலியாக்காரர்

என் அன்பு ஜெயராணி மச்சாளுக்கு,

உங்கள் முப்பத்தோராம் நாள் நினைவு நல்லபடியாக முடிந்தது. பூசைக்கு மண்டபம் நிறைந்த சனம். சாப்பாடும் குறைவில்லாமல் போனது. ஆனால் அதற்கு முன் எங்கள் வீட்டில் நடந்த சண்டை இருக்கிறதே, அதைச் சொல்ல உங்களை விட்டால் எனக்கு வேறு ஆள் யார்? இருபது வருடமாக, என்னைக் கட்டின உங்கள் தம்பியைப் பற்றிய முறைப்பாடு முழுவதையும் உங்களிடம்தானே கொட்டியிருக்கிறேன்.

சண்டை உங்கள் அவுஸ்திரேலியாக்காரரால் வந்தது.

மனுரேவாவில் நீங்கள் தனியே இருந்த வீட்டைக் காலி செய்யப் போனபோது அவர்கள் உங்கள் கையெழுத்தில் தமிழாகி மேசைமேல் அடுக்காக இருந்தார்கள். நூறு வருடத்துக்கு முன், ஒரு நூற்றாண்டு முடிந்து மற்றது தொடங்குகிற வேளையில், அந்தக் கண்டத்தில் இருந்து எழுதியவர்கள். ஆட்டு மயிர் கத்தரிக்க ஊர் ஊராகப் போகிறவர்கள், மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு வேலை தேடி நடக்கிறவர்கள், மழைக்கு வானத்தைப் பார்த்தே கண் பூத்தவர்கள் என்று கதை கதையாக வாரப் பத்திரிகைகளுக்கு எழுதிக் குவித்தவர்கள். அவர்களில் ஆண் பெயருக்குள் ஒளித்திருந்து எழுதிய பெண்களும் உண்டு என்று கண்டுபிடித்த அன்று நீங்கள் எனக்குப் போன் எடுத்துக் கத்தினது இன்னும் காதில் கிடக்கிறது.

நியூசிலாந்தில் இருந்துகொண்டு ஏன் அவுஸ்திரேலியாவை மொழிபெயர்க்கிறீர்கள் என்று கேட்காதவர் இல்லை. நம் ஆட்கள் இங்கே குடியுரிமை கிடைத்த கையோடு சிட்னிக்கும் மெல்பேர்னுக்கும் மூட்டை கட்டுகிற காலம். "ஜெயராணி, நீர் எப்ப அவுஸ்திரேலியா போறீர்?" என்று கோயில் வாசலில் கேட்டால், "நான் ஒவ்வொரு நாளும் வேலை முடிய ரயிலில போய்வாறன்" என்பீர்கள். ரயிலில் இருந்துதான் நீங்கள் மொழிபெயர்ப்பீர்கள் என்று தெரியாமல், கேட்டவர்கள் உங்களுக்கு மூளை தட்டிவிட்டது என்று நினைத்துப் போவார்கள்.

நானும் உங்களைச் சும்மா விட்டேனா? ஆட்டு மயிர் கத்தரிக்கிறவன் உங்கள் தமிழில் ரொட்டியைப் பிய்த்துப் பிளேன்டீயில் தோய்த்துச் சாப்பிடுவான். "மச்சாள், இவன் குயின்ஸ்லாந்துக்காரனோ எங்கட ஊர்க் குருநகர்க்காரனோ?" என்று கேட்டேன். "பாலில்லாத இடத்தில வேற என்னத்தைக் குடிக்கிறது?" என்று திருப்பிக் கேட்டீர்கள்.

இன்னொரு கேள்விக்கு நீங்கள் அப்படித் திருப்பிக் கேட்கவில்லை. அந்த மண்ணின் ஆதிக்குடிகள் இந்தக் கதைகளில் எங்கே என்று கேட்டேன். "ஓரத்தில நிக்கினம். கன கதையில ஓரத்திலகூட இல்லை. அதுக்கு எனக்கு இவையளோட கோவம்தான். கோவத்தோடதான் மொழிபெயர்க்கிறன்" என்றீர்கள். அப்படிக் கோபித்துக்கொண்டு அன்பு வைக்க உங்களால் மட்டும்தான் முடியும்.

சென்னைப் பதிப்பகம் ஒன்று, யாரும் வாங்கமாட்டார்கள் என்று திருப்பி அனுப்பியது. கொழும்பில் இருந்து பதிலே இல்லை. நான் ஒருத்திதான் உங்கள் வாசகி. நானும் போய்விட்டால் அந்தக் கதைகள் எங்கே போகும் என்ற எண்ணம் உங்கள் வீட்டைக் கூட்டிக்கொண்டிருந்தபோது வந்தது. துடைப்பத்தை வைத்துவிட்டு அப்படியே இருந்துவிட்டேன்.

வீட்டுக்கு வந்ததும் உங்கள் தம்பி அன்ரன் நினைவு மலர்ப் பேச்சை எடுத்தார். நம் ஊர் வழக்கம் விடுமா? முப்பத்தோராம் நாளுக்குப் படம், செபம், வம்சாவளி, இரங்கற்பா எல்லாம் போட்டுப் புத்தகம் அடித்து வந்தவர்களுக்குக் கொடுக்க வேண்டுமே. இரங்கற்பாவுக்கு நம் கவிஞரிடம் சொல்லியும் வைத்துவிட்டார். யார் செத்தாலும் பெயரை மட்டும் மாற்றிக் கொடுப்பாரே, அவர்தான். போன முறை ஒரு பெரியவருக்கு எழுதினதில் இருந்த முறுக்கு மீசையை உங்களுக்கும் வைத்துவிடுவாரோ என்று எனக்கு ஒரே பயம்.

அப்போதுதான் சொன்னேன், "மச்சாளின்ர கதையளை இதுக்குள்ள போடுவம்" என்று.

"உமக்கென்ன விசரே? செத்த வீட்டுப் புத்தகத்தில கதை போடுறதே? சனம் என்ன சொல்லும்?"

"சனம் என்னவும் சொல்லட்டும். நினைவு மலரை ஆரும் எறியமாட்டினம். செத்த ஆளின்ர படம் இருக்கிற புத்தகத்தைக் குப்பையில போட ஆருக்கு மனம் வரும்? பைபிளுக்குப் பக்கத்தில வைச்சிருப்பினம். கடையில விக்காத கதை இதுக்குள்ள இருந்தா என்றைக்கோ ஒருநாள் ஆரோ வாசிப்பினம்."

"அக்காவை வைச்சு விளையாடாதையும்" என்று எழும்பிப் போய்விட்டார். இரண்டு நாள் முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. நானும் விடவில்லை. கறிக்கு உப்பு இருக்கா என்றுகூடக் கேட்கவில்லை.

மூன்றாம் நாள் பின்னேரம் நான் வேலையால் வந்தபோது குசினிச் சாப்பாட்டு மேசையில் உங்கள் தாள்கட்டைப் பிரித்து வைத்துக்கொண்டு இருந்தார். "இது சரிவராது" என்று எனக்குக் காட்டுவதற்காகத்தான் எடுத்திருக்கிறார். உங்கள் எழுத்தில் அவர் ஒரு வரிகூட அதுவரை வாசித்ததில்லை என்பது உங்களுக்குத் தெரியும்.

அவர் கையில் இருந்தது ரொட்டி மா கடன் கேட்டுப் போகிற பெண்ணின் கதை. புருஷன் தூரத்துக்கு வேலைக்குப் போய்விட, வெட்டவெளியில் ஒற்றைக் குடிசையில் இருக்கிறவள். பக்கத்து வீடு என்பதற்கு அரைநாள் நடை. போய்ப் பார்த்தால் அந்த வீட்டுக்காரர் குடிபெயர்ந்துவிட்டார்கள். அவள் படியில் குந்தியிருந்து, பூட்டிய கதவுக்குத் தன் வீட்டுச் சேதி புதினம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டுத் திரும்பி நடக்கிறாள். அவ்வளவுதான் கதை.

"இவளிட்ட மா இருந்தது" என்றார் உங்கள் தம்பி. "முதல் பக்கத்திலயே சொல்லுது. பீப்பாயில பாதிக்கு மா இருக்காம். பிறகேன் போறாள்?"

நான் கதிரையை இழுத்துப் போட்டு அவருக்கு எதிரே இருந்தேன்.

"அக்கா வந்த புதுசில, சீனி முடிஞ்சுதெண்டு மனுரேவாவில இருந்து ரயிலும் பஸ்ஸும் மாறி மவுண்ட் ஆல்பர்ட்டில எங்கட வீட்டுக்கு வருவா. தன்ர வீட்டு வாசலிலயே டெய்ரிக் கடை இருக்கேக்க இஞ்ச வாறாவே எண்டு நான் எத்தனை தரம் பகிடி பண்ணியிருப்பன்? அவ சிரிச்சுக்கொண்டு சீனியை வாங்கிக்கொண்டு போவா." மறுபடி முதல் பக்கத்தைப் புரட்டினார். "அக்கா சீனிக்கோ வந்தவ?"

அழுதார், மச்சாள். உங்களைப் புதைத்த அன்று அழாத மனிதர். நானும் பக்கத்தில் இருந்து அழுதேன். நீங்கள் எங்களிடம் ஒருபோதும் வாய்விட்டுச் சொல்லாததை, நூறு வருடத்துக்கு முந்தின யாரோ ஒருவரைக் கொண்டு சொல்லவைத்துவிட்டுப் போயிருக்கிறீர்கள். ஏன் மச்சாள், எங்களிடம் நேரே சொல்லியிருக்கக் கூடாதா?

"போடுவம். ஆனா செபம் முன்னுக்கு வரவேணும்" என்றார் கடைசியில். அப்படியே செய்தோம். செபம், இரங்கற்பா (மீசை இல்லை, நானே பார்த்தேன்), அதற்குப் பிறகு உங்கள் கதைகளில் பாதி. உங்கள் அடித்தல் திருத்தலை எல்லாம் பார்த்து நான் கையால் எழுதினேன். அவர் போட்டோகொப்பி எடுத்துத் தைத்தார். சனத்தில் சிலர் முகம் சுளித்தார்கள். ஆனால் ஒருவரும் வைத்துவிட்டுப் போகவில்லை.

முந்தநாள் ஒரு போன் வந்தது. உங்கள் தம்பிதான் எடுத்தார். நகரத்தின் மறுகோடி, பாட்டனி டவுன்ஸில் இருந்து ஒரு பிள்ளை. கலியாணம் முடித்துத் தமிழ்நாட்டில் இருந்து வந்து கொஞ்சக் காலம்தானாம். யாரோ சிநேகிதியோடு பூசைக்கு வந்தவளாம். உங்களை ஒருநாளும் கண்டதில்லை. குரல் எனக்கும் கேட்டது.

"மன்னிச்சுக்கோங்க அங்கிள், துக்க வீட்டுல இப்படிக் கேக்கக் கூடாது. மாவு வாங்கப் போச்சே அந்தப் பொண்ணு, அது நல்லபடியா வீடு போய்ச் சேந்துச்சா? கதையில சொல்லவே இல்லையே. ரெண்டு நாளா அதே நெனப்பா இருக்கு."

உங்கள் தம்பி என்னைப் பார்த்தார். பிறகு, "தெரியேல்லை பிள்ளை. எழுதின ஆள் சொல்லேல்லை. கேக்கிறதுக்கு அக்காவும் இல்லை" என்றார். "நீர் பகலில தனியவோ இருக்கிறீர்?"

"ஆமா, அங்கிள்" என்றாள்.

"அப்ப சனிக்கிழமை இஞ்ச வாரும். வாற வழி தெரியாட்டி நான் வந்து கூட்டிக்கொண்டு வாறன். இருந்து கதைப்பம்."

நாளைக்குச் சனிக்கிழமை. அவர் காலையில் இருந்தே கார்ச் சாவியைத் தேடுகிறார்.

மிச்சக் கதைகள் உங்கள் ஆண்டு நினைவுக்கு அச்சில் வரும். ஒன்றையும் விடமாட்டேன், இது சத்தியம். ஆனால் அந்தப் பிள்ளையை அதுவரை காக்கவைக்கப் போவதில்லை. நாளைக்கே வாசித்துக் காட்டப் போகிறேன்.

எப்போதும் உங்கள் மச்சாள், அந்தப் பிடிவாதக்காரத் தம்பியின் பெண்சாதி,
பிலோமினா