பறந்த ஊர்வனவும் என் குடியும்

நவம்பர் 13, வியாழன்

விடியலிலிருந்து மழை. பல்கலை வளாகத்தில் மின்சாரம் இல்லை. திங்கள் கருத்தரங்கு. என் தலைப்பு: அழிந்துபோன பறக்கும் ஊர்வன எங்கிருந்து வந்தன. இதுவரை படித்தது:

டைனோசர் அல்ல. டைனோசருக்கு நெருங்கிய உறவு.
பறவைக்கு மூதாதையும் அல்ல.
சிறகைத் தாங்கியது ஒரே ஒரு நீண்ட விரல், நான்காவது.
கிடைத்ததில் மிகப் பழைய எலும்பே பறந்ததன் எலும்பு. பாதிச் சிறகோடு ஒன்றுகூட இல்லை.

ரஜீவன் அழைத்தான். ஞாயிறு பெண் கேட்டு அவன் தாயும் பெரியம்மாவும் வருகிறார்கள்.
"குடி கேப்பாங்க மதி. உன்ட அம்மாவ உண்மையச் சொல்லச் சொல்லு."

உண்மை: சுனாமி வந்த வருடம் கல்லடிக் கரையில் அம்மா என்னைக் கண்டெடுத்தார். கைக்குழந்தை. ஒருவரும் தேடி வரவில்லை. பிறகு செங்கலடிக்கு வந்துவிட்டோம். இங்கே ரஜீவனைத் தவிர யாருக்கும் தெரியாது. குடி என்பது தாய்வழி வரும் குலம். அம்மாவின் குடியும் ரஜீவனின் குடியும் ஒன்று. நான் அம்மாவின் பிள்ளை என்றால் அவனுக்குத் தங்கை முறை. கல்யாணம் இல்லை.

நவம்பர் 14, வெள்ளி

வெயில். செருப்பு இன்னும் காயவில்லை.

தரையில் திரிந்த ஒரு சிறு ஊர்வனக் கூட்டம். சிறகே இல்லை. ஆனால் உள்காதின் வளைவும் மூளைக்கூட்டின் வடிவும் பறந்தவற்றை ஒத்தவை. ஆகவே பக்கத்துக் கிளை. மூதாதை அல்ல, உடன்பிறப்பு.

வகுப்புத் தோழி ஏறாவூர் நஸ்ரினுக்கு வாசித்துக் காட்டினேன்.
"உம்மாவும் இல்ல வாப்பாவும் இல்ல, சாச்சி மட்டும் இருக்கா. பாவம்டி உன்ட பறவை."
"பறவை இல்ல."
"ஆ, அதுவும் இல்லையா!"
சிரித்தாள். என் கதை அவளுக்குத் தெரியாது. நானும் சிரித்தேன்.

மாலை. அம்மா மீன் வெட்டிக்கொண்டிருந்தார். ரஜீவன் கேட்டதைச் சொன்னேன். நிமிரவில்லை.
"நான் பெறல்ல எண்டு வந்த ஆக்களுக்கு முன்னால சொல்லவா?"
"ஓம்."
"சரி புள்ள."
மீனை மறுபடி மறுபடி கழுவினார்.

நவம்பர் 16, ஞாயிறு

வந்தார்கள், ரஜீவனும். வெற்றிலைத் தட்டு, வாழைப்பழம், முறுக்கு.

"எந்தக் குடி?" ரஜீவனின் தாய்.
அம்மா தன் குடியைச் சொன்னார். அவர்கள் முகம் சுருங்கும் முன்பே, "ஆனா இது நான் பெத்த புள்ள இல்ல. கடற்கரையில எடுத்தது." குரல் நடுங்கவில்லை. கைகள் மட்டும் சேலையைத் திருகின.

"அப்ப ஆர்ர புள்ள?" பெரியம்மா.
"தெரியாதுகா."
"தெரியாட்டி நம்மட குடிப் புள்ளையாவும் இருக்கலாமே."

தர்க்கத்தில் பிழை இல்லை. ரஜீவன் தொலைபேசியைத் தடவிக்கொண்டிருந்தான். தேநீரைக் குடிக்காமல் எழுந்தார்கள்.

நவம்பர் 17, திங்கள்

மீண்டும் மழை. கருத்தரங்கில் பேசினேன்.
விரிவுரையாளர்: "மூதாதை கிடைக்கல்ல. அப்ப குடும்ப மரத்தில இடம் எப்பிடிக் குடுக்கிற?"
"கூட இருக்கிறதை வச்சு, சேர்."
தலையசைத்தார். அடுத்தவரை அழைத்தார்.

பேருந்தில் ரஜீவனின் செய்தி. 'வீட்டில முடியாது எண்டுட்டாங்க. நான் என்ன செய்ய.' கேள்விக்குறிகூட இல்லை. 'ஒன்றும் வேண்டாம்' என்று அனுப்பினேன்.

வீடு. அம்மா வாசலில். ஒதுங்கி வழி விட்டார்.
"மதி, சாப்பிட வாங்க."
இத்தனை வருடமும் நான் புள்ள. இன்று பெயர். இன்று, விருந்தாளிக்குச் சொல்வதுபோல, வாங்க.
சொல்லச் சொன்னது நான்.